‘ராதர்’ தெரியும், ‘ரேத்’ தெரியுமா? ஒரு பழைய ஆங்கிலப் பெயரடை பற்றி

கட்டக்காரன் (இழையைத் தொடங்கியவர்)

நேற்று ஸ்க்ராபிள் ஆட்டத்தில் எதிராளி ஒரு சொல்லை வைத்தார். ஆர், ஏ, டி, எச், இ. இந்த ஐந்து எழுத்து என் கையில் வந்தால் ‘எர்த்’ என்பேன், ‘ஹார்ட்’ என்பேன், கோபத்தில் இருந்தால் ‘ஹேட்டர்’ என்பேன். ‘ரேத்’ என்று ஒன்று இருப்பதே தெரியாது. செயலி மறுபேச்சு இல்லாமல் ஏற்றுக்கொண்டது. அகராதியைத் திறந்தால் “சீக்கிரமான, வழக்கொழிந்தது” என்று ஒரே வரி.

தெரிந்தவர்கள் சொல்லுங்கள். இதை எப்படி உச்சரிப்பது? யார் எழுதியிருக்கிறார்கள்? நான் ஆங்கிலத்தில் கொஞ்சம் எழுதுகிறவன், இன்றைக்கு இதைப் பயன்படுத்தினால் சிரிப்பார்களா?

பழைய வாத்தியார்

நல்ல கேள்வி தம்பி. முதலில் உச்சரிப்பு. ‘ரே’ என்று நீட்டி, முடிவில் நம் ‘அது’, ‘காது’ என்பதில் வரும் மெல்லிய தகர ஒலி. குழந்தையைக் குளிப்பாட்டுவதற்கு ஆங்கிலத்தில் சொல்லும் ‘பேத்’ இதற்கு எதுகை. கோபத்தைக் குறிக்கும் ‘ராத்’ வேறு சொல், அதைக் கொண்டுவந்து குழப்பிக்கொள்ள வேண்டாம்.

பொருள்: சீக்கிரமான, பருவத்துக்கு முந்திய, அதிகாலையான. இன்னும் பின்னால் போனால், பழைய ஆங்கிலத்தில் ‘ஹ்ரத்’, ‘ஹ்ரேத்’ என்று முன்னால் ஒரு ‘ஹ’ ஒலியோடு இருந்தது. அப்போது பொருள் ‘வேகமான’. பேயோவுல்ஃப் காப்பியத்தில் வீரர்கள் கப்பல் கரை சேர்ந்ததும் ‘ஹ்ரதே’ இறங்குகிறார்கள், அதாவது விருட்டென்று. வேகமாகச் செய்தால் சீக்கிரம் முடியும் என்ற வழியில், இடைக்கால ஆங்கிலத்தில் அது ‘சீக்கிரம்’ ஆயிற்று. சாஸரின் கதை ஒன்றில் ஒரு பெண், விடியும் முன்னே தோட்டத்தில் உலாவும் துறவியிடம் “ஏன் இவ்வளவு ரேத்தாக எழுந்தீர்கள்?” என்று கேட்கிறாள்.

இனி முக்கியமான சங்கதி. இந்தச் சொல் உங்களுக்கு ஏற்கெனவே தெரியும். நீங்கள் தினமும் எழுதும் ‘ராதர்’ இதன் ஒப்பீட்டு வடிவம்தான். ‘ஃபாஸ்ட், ஃபாஸ்டர்’ மாதிரி ‘ரேத், ராதர்’. மூலச்சொல் மறைந்துவிட்டது, ஒப்பீட்டு வடிவம் மட்டும் நின்று நிலைத்துவிட்டது.

கட்டக்காரன்

அட! ஆனால் சார், ‘ராதர்’ என்றால் ‘அதைவிட இது மேல்’ என்றுதானே பொருள்? ‘இன்னும் சீக்கிரம்’ எப்படி அங்கே போய்ச் சேர்ந்தது?

பழைய வாத்தியார்

இப்போதும் ஆங்கிலத்தில் “ஐ வுட் சூனர் டை” என்பார்கள். சாவதற்கு அவசரம் என்று அர்த்தமில்லை, அதைச் செய்வதைவிடச் சாகத் தயார் என்று அர்த்தம். இரண்டு காரியம் முன்னால் இருக்கும்போது எதை முதலில் செய்யக் கை போகிறதோ, அதுவே மனசுக்குப் பிடித்தது. காலத்தில் முந்தியது விருப்பத்தில் முந்தியது ஆகிவிடுகிறது. ‘ராதர்’ போன பாதையும் இதுதான். சாமுவேல் ஜான்சன் 1755-இல் வெளியிட்ட அகராதியிலேயே ‘ராதர்’ பற்றிப் பேசும்போது ‘சூனர்’ என்பதைத்தான் ஒப்புமைக்குக் காட்டுகிறார்.

அதற்குப் பிறகும் சொல் சும்மா இருக்கவில்லை. ‘ஓரளவு’ என்ற பொருள் வந்தது: “ராதர் கோல்ட்” என்றால் கொஞ்சம் குளிர். 19-ஆம் நூற்றாண்டில் ஆங்கிலேயக் கனவான்கள் ‘பின்னே!’, ‘அதிலென்ன சந்தேகம்!’ என்ற பொருளில், இரண்டாம் அசையை அழுத்தி, “ரா-தர்!” என்று சொல்ல ஆரம்பித்தார்கள். வேகத்தில் கிளம்பி எங்கே வந்து நிற்கிறது பாருங்கள்.

பரிஸ் பொடியன்

வணக்கம் வாத்தியார். நான் பிரான்ஸில் இருக்கிறேன். இங்கே ‘ப்ளுத்தோ’ என்று ஒரு சொல் நாளுக்கு நூறு தரம் காதில் விழும். அர்த்தம் அப்படியே ‘ராதர்’. அதைப் பிரித்தால் ‘ப்ளு’ (இன்னும்) + ‘தோ’ (சீக்கிரம்). இரண்டையும் தனித்தனியாக எழுதினால் ‘இன்னும் சீக்கிரம்’, சேர்த்து எழுதினால் ‘அதைவிட இது’. உச்சரிப்பு ஒன்றே. எழுதும்போது இடைவெளி விட மறந்து, பள்ளியில் சிவப்பு மை வாங்காத பிள்ளை இங்கே இல்லை. இத்தாலியன் நண்பன் ஒருவனிடம் கேட்டேன், அவர்களுடைய ‘பியுத்தோஸ்தோ’வும் இதே கட்டுமானம்தானாம்.

ஆங்கிலத்தில் அந்தத் தையல் தெரியாமல் போனதற்குக் காரணம், வாத்தியார் சொன்ன மாதிரி, மூலச்சொல்லை மறந்ததுதான். பிரெஞ்சுக்காரனுக்கு ‘தோ’ இன்னும் உயிரோடு இருப்பதால் அவனுக்கு அது தெரிகிறது.

சொல்லேர்

குறுக்கிடுவதற்கு மன்னிக்கவும். நம்முடைய சொற்களே ஆயிரக்கணக்கில் வழக்கொழிந்துகொண்டிருக்கும்போது, இங்கிலாந்துக்காரனே தூக்கிப் போட்ட ஒரு சொல்லுக்கு இவ்வளவு பேச்சு தேவையா? மேலும் இது நம் ‘ரதம்’ என்பதிலிருந்து போனதாகக்கூட இருக்கலாம். ரதம் வேகமாகப் போவது, ரேத் என்றால் வேகம். யாராவது ஆராய்ந்தீர்களா?

பழைய வாத்தியார்

சொல்லேர் ஐயா, முதல் கேள்வி அவரவர் விருப்பம். இரண்டாவது கேள்விக்குப் பதில் உண்டு: இல்லை.

காரணம், முன்னால் சொன்ன அந்த ‘ஹ’ ஒலி. ஜெர்மானிய மொழிகளில் சொல்முதலில் வரும் பழைய ‘ஹ’, இந்தோ-ஐரோப்பிய மூலத்தில் ‘க’வாக இருந்தது. லத்தீனில் ‘கோர்னு’, ஆங்கிலத்தில் ‘ஹார்ன்’. லத்தீனில் ‘கெந்தும்’, ஆங்கிலத்தில் ‘ஹண்ட்ரட்’. ஆகவே ‘ஹ்ரத்’ என்பதன் உறவுகளை ‘க்ர’ என்று தொடங்கும் சொற்களில் தேட வேண்டும். வடமொழி ‘ரத’வுக்கு முன்னால் அப்படி ஒரு ககரம் கிடையாது. அதன் உண்மையான சொந்தங்கள் லத்தீன் ‘ரோட்டா’வும் ஜெர்மன் ‘ராட்’டும், இரண்டும் சக்கரம். ஒலி ஒத்துப்போவதை மட்டும் வைத்துக்கொண்டு சொந்தம் கொண்டாடினால், எல்லா மொழியும் எல்லா மொழியிலிருந்தும் வந்ததாகிவிடும்.

‘ஹ’வை இன்னும் கைவிடாத ஒரு மொழி இருக்கிறது, ஐஸ்லாந்து மொழி. அங்கே ‘ஹ்ராதுர்’ என்றால் இன்றைக்கும் ‘வேகமான’. தானியங்கிப் பண இயந்திரத்துக்கு அவர்கள் வைத்திருக்கும் பெயர் ‘ஹ்ராத்பாங்கி’, வேக வங்கி. ஆங்கிலேயன் தூக்கிப் போட்ட சொல்லை அட்டை செருகிப் பணம் எடுக்கும் இடத்தில் மாட்டி வைத்திருக்கிறார்கள்.

மல்லிகை எம்.ஏ.

சார், இந்தச் சொல்லை நான் பாடத்தில் பார்த்திருக்கிறேன்! மில்டனுடைய ‘லிசிடஸ்’. “பிரிங் த ரேத் ப்ரிம்ரோஸ் தட் ஃபர்சேக்கன் டைஸ்.” எங்கள் கையேட்டில் ‘ரேத் = எர்லி’ என்று போட்டுவிட்டு அடுத்த வரிக்குப் போய்விட்டார்கள். அங்கே இந்தச் சொல் ஏன் வருகிறது? வெறும் அலங்காரமா?

கட்டக்காரன்

ப்ரிம்ரோஸ் என்றால் மருந்துக்கடையில் மாத்திரையாக விற்கிறார்களே, அந்தச் செடியா?

பழைய வாத்தியார்

கட்டக்காரன், இல்லை. மாத்திரையில் இருப்பது ஈவினிங் ப்ரிம்ரோஸ் எண்ணெய். அது அமெரிக்கக் கண்டத்துச் செடி, சாயங்காலம் பூப்பது, குடும்பமே வேறு. மில்டன் சொல்வது இங்கிலாந்தின் வேலியோரங்களிலும் காட்டு விளிம்புகளிலும் குளிர் விலகும் முன்பே தலைகாட்டும் வெளிர்மஞ்சள் பூ. பெயரே லத்தீன் ‘ப்ரிமா ரோஸா’, முதல் ரோஜா. ஆக ‘ரேத் ப்ரிம்ரோஸ்’ என்பதில் ‘முந்தியது’ என்ற கருத்து இரண்டு முறை இருக்கிறது.

மல்லிகை, உங்கள் கேள்விக்கு வருகிறேன். அலங்காரம் இல்லவே இல்லை. கொஞ்சம் நீளமாகச் சொல்கிறேன், பொறுத்துக்கொள்ளுங்கள்.

1637 ஆகஸ்டில், கேம்பிரிட்ஜ் கிறைஸ்ட்ஸ் கல்லூரியைச் சேர்ந்த எட்வர்ட் கிங் என்ற இளைஞர், செஸ்டரிலிருந்து அயர்லாந்துக்குப் போகும் வழியில் கப்பல் மூழ்கி இறந்தார். வயது இருபத்தைந்து. கல்லூரி நண்பர்கள் சேர்ந்து 1638-இல் ஓர் இரங்கல் தொகுப்பு அச்சிட்டார்கள். அதில் கடைசிப் பாட்டு மில்டனின் ‘லிசிடஸ்’. பாட்டுக்குள் கிங்குக்கு அவர் வைத்த பெயர் அது.

இப்போது பாட்டின் தொடக்கத்தைப் பாருங்கள். கவிஞர் இன்னும் பழுக்காத காய்களைப் பறிக்க வருகிறார். ஆண்டு கனிவதற்கு முன்பே இலைகளை உதிர்க்கிறேன் என்கிறார். லிசிடஸ் “டெட் எர் ஹிஸ் ப்ரைம்”, வாலிபம் முற்றும் முன்பே போய்விட்டான் என்கிறார். முதல் வரியிலிருந்தே பாட்டின் பேச்சு ‘காலத்துக்கு முன்னால்’ என்பதைப் பற்றித்தான். நூற்று நாற்பது வரி தாண்டி, செத்தவனின் பாடைக்குப் பூக்களைக் கூப்பிடும் இடத்தில் முதலில் வரும் பூ எது? காலத்துக்கு முன்னால் பூத்து, வெயில் வலுக்கும் முன் உதிரும் பூ. அதற்கு ‘எர்லி’ என்று போட்டால் தகவல் கிடைக்கும். ‘ரேத்’ என்று போட்டால் அந்தப் பையனின் ஆயுசும் உள்ளே வந்துவிடுகிறது.

இன்னொன்று. மில்டன் கையால் எழுதிய படி கேம்பிரிட்ஜ் ட்ரினிட்டி கல்லூரியில் இருக்கிறது. அதைப் பார்த்தால் இந்தப் பூக்கள் வரும் பகுதி முதலில் பாட்டிலேயே இல்லை, பிறகு எழுதிச் செருகியது என்று தெரிகிறது. முதல் வரைவில் “ஃபர்சேக்கன் டைஸ்” கிடையாது, “அன்வெட்டட் டைஸ்” என்று இருந்தது. கல்யாணமாகாமல் சாகும் பூ. அடுத்த வரியில் கைகூடாத காதலின் வெளிறிய கன்னம் என்று வேறு. இது ஷேக்ஸ்பியரின் ‘த விண்டர்ஸ் டேல்’ நாடகத்தில் பெர்டிட்டா சொல்வதற்கு ரொம்பப் பக்கம்: சூரியனை அவன் முழு வலிமையில் பார்ப்பதற்கு முன்பே கல்யாணமாகாமல் சாகும் ப்ரிம்ரோஸ் பூக்கள். மில்டன் அதை அடித்துவிட்டு ‘கைவிடப்பட்டு’ என்று மாற்றினார், கன்னத்தையும் தூக்கினார். எல்லாம் மாறியது. ‘ரேத்’ மட்டும் முதல் வரைவிலும் இருந்தது, அச்சிலும் இருந்தது. அவர் விடாமல் வைத்திருந்த சொல் அது.

மல்லிகை எம்.ஏ.

இதைக் கையேட்டில் போட்டிருந்தால் பாட்டையே இரண்டாம் முறை படித்திருப்பேன். நன்றி சார். மில்டன் காலத்திலேயே இது பழைய சொல்லா, அல்லது அப்போது ஊரில் பேசிக்கொண்டிருந்தார்களா?

பழைய வாத்தியார்

இரண்டுமே. ஊர்ப்புறத்தில் இருந்தது, நகரத்து எழுத்தில் அருகிவிட்டது. 1579-இல் வந்த ஸ்பென்சரின் ‘ஷெப்பர்ட்ஸ் காலண்டர்’ பிப்ரவரிப் பகுதியில் ‘ராதர் லாம்ப்ஸ்’ வருகிறது. ‘ஓரளவு ஆட்டுக்குட்டிகள்’ என்று படித்துவிடாதீர்கள். முந்தி ஈன்ற குட்டிகள், குளிரில் மாட்டிக்கொண்டவை. அந்த நூலுக்கு அப்போதே உரை எழுதியவர் இதற்குக் குறிப்புப் போட்டிருக்கிறார், ஆண்டின் தொடக்கத்திலேயே ஈன்ற குட்டிகள் என்று. வெளியான அன்றே உரை தேவைப்பட்டிருக்கிறது என்றால் நகரத்து வாசகனுக்குப் பிடிபடாத சொல் என்றுதானே அர்த்தம்?

இதைவிட வேடிக்கையான சாட்சி ஷேக்ஸ்பியரிடம் இருக்கிறது. ‘லவ்ஸ் லேபர்ஸ் லாஸ்ட்’ நாடகத்தில் ஹாலஃபர்னிஸ் என்று ஒரு பள்ளி ஆசிரியர், அகராதியை விழுங்கிய ஆசாமி. “அன்லெட்டர்ட்” என்பதற்கு முன்னால் ‘ராதர்’ போட்டவர், அடுத்த சொல்லுக்கு ‘ராதரெஸ்ட்’ என்கிறார்! முறைப்படி மூன்றாம் படி ‘ரேதெஸ்ட்’, இடைக்கால ஆங்கிலத்தில் அது புழங்கியது. ஆனால் ‘ரேத்’ நினைவில் இல்லாத ஊரில் ‘ராதர்’தான் அடிச்சொல்லாகத் தெரியும், அதன்மேல் இன்னொரு விகுதி ஏற்றலாம். வாத்தியார் இனத்தைக் கேலி செய்ய எழுதியது, இருந்தாலும் எனக்குப் பிடித்த இடம்.

கட்டக்காரன்

சோதித்துப் பார்த்தேன். காலின்ஸ் ஸ்க்ராபிள் பட்டியலில் ‘ராதரெஸ்ட்’ செல்லுமாம். ஒன்பது எழுத்து. இனி ஹாலஃபர்னிஸ்தான் என் குலதெய்வம்.

இன்னொரு சந்தேகம். அதே பட்டியலில் ‘ரேத்ரைப்’ என்று ஒன்று இருக்கிறது. அது என்ன?

நடவுக்காலம்

இதற்கு நான் வருகிறேன். ஆங்கில இலக்கியம் தெரியாது, விவசாயத் துறையில் வேலை பார்த்தவன். பழைய ஆங்கில வேளாண் புத்தகங்களைப் புரட்டும் பழக்கம் உண்டு.

‘ரேத்-ரைப்’ என்றால் முந்தி விளைவது. 17-ஆம் நூற்றாண்டு வேளாண் எழுத்துகளில் ‘ரேத்-ரைப் பார்லி’ என்று அடிக்கடி அடிபடும், சீக்கிரம் கதிர் முற்றும் பார்லி. நம் பக்கத்து ஆள் இதைக் கேட்டால் உடனே குறுவை என்பார். குறுகிய நாளில் அறுப்புக்கு வருவதால் வந்த பெயர். அறுபதாம் குறுவை என்ற பாரம்பரிய ரகத்துக்கு நாள் கணக்குப் பெயரிலேயே இருக்கிறது. ஆனால் ஒரு வித்தியாசத்தைக் கவனிக்க வேண்டும். முன்பட்டம் என்பது விதைப்பைப் பற்றியது, குறுவை என்பது வயதைப் பற்றியது. ‘ரேத்-ரைப்’ இரண்டாவது வகை. தாமதமாக விதைத்தாலும் அது சீக்கிரம் முற்றும். ஈரம் காயாத வயலில் விதைப்பு தள்ளிப்போன விவசாயிக்கு அதுதான் கைகொடுத்திருக்கும்.

இந்தச் சொல் அமெரிக்காவுக்குக் கப்பலேறிப் போனதும் ‘ரேர்ரைப்’ என்று ஆகிவிட்டது. முந்திப் பழுக்கும் பீச் பழத்துக்கு அந்தப் பெயர். ‘ரேத்’ யாருக்கும் புரியாததால் தெரிந்த ‘ரேர்’ போல ஆக்கிக்கொண்டார்கள் போலிருக்கிறது. அரிதாகப் பழுப்பது என்று எவனாவது நம்பி நட்டிருந்தால் ஜூலையிலேயே திடுக்கிட்டிருப்பான்.

பழைய வாத்தியார்

பிரமாதம் நடவுக்காலம். ஒரு சிறு ஒட்டு. இங்கிலாந்தின் சில வட்டாரங்களில் ‘ரேர்’ என்ற ஒலியே ‘சீக்கிரம்’ என்ற பொருளில் இருந்தது, ஆகையால் திரிபு அமெரிக்காவிலேயே நடந்திருக்க வேண்டும் என்பதில்லை. ‘ரேத்-ரைப்’ என்பதை வயதுக்கு மீறிய புத்தியுள்ள பிள்ளைகளுக்கும் சொன்னார்கள். நம் ஊரில் ‘பிஞ்சிலே பழுத்தது’ என்கிறோமே, கிட்டத்தட்ட அது. நம்முடையதில் வசை கொஞ்சம் அதிகம்.

சொல்லேர்

சரி, ரதம் போகட்டும். அடிச்சொல் செத்து ஒப்பீட்டு வடிவம் மட்டும் பிழைப்பது விநோதமாக இருக்கிறதே. ஆங்கிலத்தில் வேறு எங்காவது இப்படி நடந்திருக்கிறதா?

பழைய வாத்தியார்

நடந்திருக்கிறது ஐயா, அதுவும் நாம் கவனிக்காத இடத்தில். ‘நை’ என்றால் பக்கத்தில். அதன் ஒப்பீட்டு வடிவம் ‘நியர்’. அதன் உச்ச வடிவம் ‘நெக்ஸ்ட்’. நை, நியர், நெக்ஸ்ட். நாளடைவில் ‘நியர்’ ஒப்பீடு என்பதே மறந்துபோய் அது சாதாரணச் சொல்லானது. பிறகு ‘நியரர்’ என்று இரட்டை ஒப்பீடு வந்தது. ஹாலஃபர்னிஸ் செய்ததை இங்கே ஊரே செய்திருக்கிறது, யாரும் சிரிக்கவில்லை.

பரிஸ் பொடியன்

வாத்தியார், தமிழில் இந்த ‘சீக்கிரம் → விருப்பம்’ பாதை இருக்கிறதா?

பழைய வாத்தியார்

நாம் பெரும்பாலும் உயரத்தை வைத்துத்தான் சொல்கிறோம். “இதுக்கு அது மேல்.” “பிச்சை எடுப்பதற்குச் சாவதே மேல்.” வள்ளுவர் 967-ஆம் குறளில் “வாழ்தலின்… எனப்படுதல் நன்று” என்று வைக்கிறார், அங்கே நன்மை அளவுகோல். காலத்தை வைத்து விருப்பம் சொல்லும் வழக்கம் நம்மிடம் வேரூன்றவில்லை என்றே எனக்குத் தோன்றுகிறது.

கட்டக்காரன்

என் மூன்றாவது கேள்வி அப்படியே நிற்கிறது. இன்றைக்கு இதை எழுதலாமா?

மல்லிகை எம்.ஏ.

நான் எழுதமாட்டேன். வாசகர் அச்சுப்பிழை என்று நினைப்பார். ‘ராதர்’ போட வந்து ஓர் எழுத்து விட்டுப்போச்சு என்று.

பழைய வாத்தியார்

மல்லிகை சொன்னது நியாயமான பயம். செய்திக்கட்டுரையில், அலுவலகக் கடிதத்தில் வேண்டவே வேண்டாம். “ரேத் ரெஸ்பான்ஸ் எதிர்பார்க்கிறேன்” என்று மேலாளருக்கு எழுதினால் உங்களுக்குச் சீக்கிரமான பதில் கிடைக்கும், நீங்கள் எதிர்பார்த்த பதிலாக இருக்காது.

கவிதையில் இடம் உண்டு, ஆனால் ஒரு நிபந்தனையோடு. டென்னிசன் 1850-இல் வெளியிட்ட ‘இன் மெமோரியம்’ 110-ஆம் பாட்டில் “த மென் ஆஃப் ரேத் அண்ட் ரைப்பர் யியர்ஸ்” என்கிறார், இளவயதினரும் முதிர்ந்தவரும். அவர் காலத்தில் இது எழுத்தில் எப்போதோ மறைந்த சொல். இருந்தும் வாசகன் தடுக்கி விழவில்லை. பக்கத்திலேயே ‘ரைப்பர்’ நிற்கிறது, எதிர்ப்பதம் பொருளைக் காட்டிக்கொடுக்கிறது. பழைய ‘ரேத்-ரைப்’ ஜோடியும் காதில் ஒலிக்கிறது. மில்டனும் அதே மாதிரி, சீக்கிரம் பூக்கும் பூவுக்குப் பக்கத்தில் வைத்தார். அருஞ்சொல்லை எடுத்தால் பொருளைக் கைப்பிடித்துக் காட்டும் ஒரு சொல்லையும் அருகில் நிறுத்த வேண்டும். அது முடியாவிட்டால் ‘எர்லி’ என்று எழுதிவிட்டுப் போங்கள், குறைச்சல் ஒன்றுமில்லை.

இன்னொரு விஷயமும் உண்டு. ‘இன் மெமோரியம்’ யாருக்காக? ஆர்தர் ஹாலம், டென்னிசனின் நண்பர், 1833-இல் வியன்னாவில் இருபத்திரண்டு வயதில் திடீரென்று இறந்தவர். எட்வர்ட் கிங்குக்கு ஒரு ‘ரேத்’, ஹாலமுக்கு ஒரு ‘ரேத்’. டென்னிசன் லிசிடஸை நன்றாக அறிந்தவர், அவர் காதில் மில்டனின் பூ இருந்திருக்கும் என்றே நான் படிக்கிறேன். ஆகவே கட்டக்காரன், நீங்கள் இதைக் கல்யாண வாழ்த்தில் எழுதினால் அகராதி அனுமதிக்கும். நான் எழுதமாட்டேன்.

நடவுக்காலம்

மல்லிகை, நீங்கள் அந்த வரியைத் தமிழில் எப்படிப் போடுவீர்கள்?

மல்லிகை எம்.ஏ.

முயற்சி செய்கிறேன்: “முந்திப் பூத்து, கேட்பாரற்று வாடும் ப்ரிம்ரோஸைக் கொண்டு வாருங்கள்.” ‘முன்பனிப் பூ’ என்று முதலில் எழுதினேன். அப்புறம் அது மார்கழிக்குப் போய்விடும் என்று விட்டுவிட்டேன்.

பழைய வாத்தியார்

‘முந்திப் பூத்து’ சரியாக உட்காருகிறது, அதைத் தொடாதீர்கள். ‘கேட்பாரற்று’ நல்ல தமிழ், ஆனால் அதில் ஏழ்மை வாடை அடிக்கிறது. ‘ஃபர்சேக்கன்’ என்றால் கூட இருந்தவர் விட்டுப் போனது. ‘தனித்து வாடும்’ என்று வைத்துப் பாருங்கள். ‘கொண்டு வாருங்கள்’ என்பதும் ‘கொணர்க’ என்றால் பாட்டாகிவிடும்.

மல்லிகை எம்.ஏ.

‘கொணர்க’ வேண்டாம் சார், நாடக வசனம் மாதிரி இருக்கிறது. ‘தனித்து’ எடுத்துக்கொள்கிறேன். அடுத்த வரியில் ‘டஃப்டட் க்ரோ-டோ’ என்று ஒரு பூ வருகிறதே, காக்கைக்கால்? அது என்ன?

பழைய வாத்தியார்

அதில் உரைகாரர்களுக்குள்ளேயே சண்டை. காட்டு ஹயசிந்த் என்று ஒரு கட்சி, பட்டர்கப் வகை என்று இன்னொரு கட்சி. தனி இழை தொடங்குங்கள், நடவுக்காலம் ஐயாவையும் கூட்டி வாருங்கள்.